மதமாற்றமும் மணவுரிமையும்

ஒருவர் தாம் பிறந்த சமயத்தை விட்டு வேறொரு சமயத்தைத் தழுவுதலும், ஒரு சமயத்தார் மற்றொரு சமயத்தாரை மணத்தலும் உலகில் என்றும் நிகழ்ந்து வருவனவே. அவை நிகழ்ந்தவிடத்துப் பெற்றோர் வருந்துதலும், சுற்றத்தார் வெகுளுதலும், ஊரார் பழித்தலும் இயல்பு. அவ்வருத்தமும் வெகுளியும் வழக்காகி நீதிமன்றத்தின் வாயிலை அடைந்த காலையில் நீதிபதிகள் விடைகாண வேண்டிய வினாக்கள் இரண்டு. ஒருவர் உள்ளத்துள் நிகழும் சமயவுணர்ச்சியைப் புறத்தே நிற்கும் சட்டம் யாங்ஙனம் அறியும் என்பது ஒன்று. அறிந்தபின், அவ்வுணர்ச்சியின் பொருட்டு அவர்க்குரிய சொத்தையோ, மனைவாழ்வையோ, விடுதலையையோ பறித்தற்குச் சட்டத்திற்கு உரிமை உண்டோ என்பது மற்றொன்று. இவ்விரு வினாக்களுக்கும் இந்திய நாட்டு நீதிமன்றங்கள் ஏறக்குறைய 175 ஆண்டுகளாக விடை தேடி வந்த வரலாறு சைவ நன்மக்கள் அறிந்துகொள்ளற்பாலது. அவ்விடை சேக்கிழார் பெருமான் அருளிய திருத்தொண்டர் புராணத்தோடு ஒத்து நிற்குமாறு ஈண்டு ஆராயப்படும்.

சேக்கிழார் காட்டும் நெறி

சைவசமயாசாரியர் நால்வருள் ஒருவராகிய திருநாவுக்கரசு சுவாமிகள் ஒருகாற் சமயம் மாறியவர் என்பது யாவரும் அறிந்தது. திருவாமூரில் மருணீக்கியாராய்ப் பிறந்த அவர், பாடலிபுத்திரத்துச் சமணப் பள்ளியை அடைந்து, தருமசேனர் என்னும் பெயரோடு அச்சமயத்துத் தலைமையும் பெற்றார். சூலைநோய் வருத்தத் தமக்கையாராகிய திலகவதியாரை நாடி வந்தபொழுது, அவ்வம்மையார் தம்பியாரை வெறுத்திலர், விலக்கிலர், தண்டமொன்றும் விதித்திலர். திருவைந்தெழுத்தோதித் திருநீறளித்துத் திருவதிகை வீரட்டானத்துத் திருக்கோயிலுக்கு அழைத்துச் சென்றார். மீண்டு வந்தவரது அன்பே மீட்சிக்குச் சான்றாயிற்று. மற்று, அவரைச் சமண சமயத்தில் நிறுத்தற்குப் பல்லவ மன்னன் கொண்ட நெறியோ வேறு. நீற்றறையும், நஞ்சும், யானையும், கல்லிற் பிணித்துக் கடலில் இடுதலும் ஆகிய அரச வன்மை அனைத்தும் ஓர் உள்ளத்தின் முன்னர்த் தோற்றொழிந்தன.

சாக்கிய நாயனார் வரலாறு இதனினும் நுண்ணியது. அவர் காஞ்சியிற் புத்த சமயம் புக்கு, பின்னர்ச் சிவனே பரம்பொருளெனத் தெளிந்தும், மேற்கொண்ட சாக்கிய வேடத்தை நீக்காமலே சிவலிங்கத் திருமேனிமேல் நாள்தோறும் அன்பினாற் கல்லெறிந்து வழிபட்டார். வேடத்தை நோக்குவார்க்கு அவர் புத்தர். செயலை மாத்திரம் நோக்குவார்க்குச் சிவநிந்தை செய்பவர். உள்ளத்தை நோக்கிய இறைவனுக்கோ அடியார்.

சமயம் வேறுபட்டார் ஒரு மனையில் வாழ்தற்கும் அப்புராணத்திற் சான்றுண்டு. சோழர் குடியிற் பிறந்த மங்கையர்க்கரசியார் சமண சமயம் சார்ந்த பாண்டியனுக்குத் தேவியாராய் வாழ்ந்தார். கணவன் சமயம் தமதன்றென்று மனையறம் துறந்தாரல்லர். மனையறத்தின் பொருட்டுத் தம் சமயத்தைத் துறந்தாருமல்லர். அவ்வரலாற்றின் முடிவிற் கூறப்படும் கழுவேற்றம் அரச தண்டம் சமயவாதத்துட் புகுந்ததன் விளைவாகலின், அது பின்னுள்ளோர்க்கு முன்மாதிரியாதல் இல்லை. அம்மையாரது பொறையும் உறுதியுமே கொள்ளற்பாலன.

1843-ஆம் ஆண்டுப் பம்பாய் வழக்கு

இனி, நீதிமன்ற வரலாற்றை நோக்குவாம். பம்பாயில் ஸ்காட்லாந்து தேசத்துப் பாதிரியாராகிய இராபர்ட் நெஸ்பிட் என்பாரிடம் கல்வி பயின்ற நாராயண சேஷாத்திரி என்னும் பிராமண இளைஞர் 1843-ஆம் ஆண்டிற் கிறிஸ்து மதத்தைத் தழுவினார். பிற்காலத்தில் அம்மதத்துப் பெயர்பெற்ற போதகராயினார். பன்னிரண்டு வயதளவினனாகிய அவர் தம்பியும் பாதிரியாரது இல்லத்தில் தங்கவே, தந்தையார் சுப்ரீம் கோர்ட்டில் ஆட்கொணர்வு மனு விடுத்தனர். சிறுவன் தன் விருப்பம் பற்றி வேறிடத்து வாழும் வயதினனல்லன் எனக் கொண்டு, நீதிமன்றம் அவனைத் தந்தையார்பால் ஒப்புவித்தது.

வழக்கு ஆண்டு முடிந்தது, துன்பம் முடிந்திலது. பாதிரியார் இல்லத்தில் உணவுண்டவனைச் சாதியிற் சேர்த்தல் கூடுமோ என்னும் பூசல் மூண்டது. மராத்தியப் பத்திரிகைத் தொழிலுக்கு முன்னோடியாகிய பால சாஸ்திரி ஜாம்பேகர் முதலியோர் பிராயச்சித்தம் செய்வித்துச் சேர்த்துக்கொள்ளலாம் என்றனர். வைதிகருட் பலர் கூடாதென மறுத்தனர். மகனை மீட்டுத் தருகவென நீதிமன்றத்தை வேண்டிய சமூகமே, மீண்டு வந்த சிறுவனுக்கு வாயிலடைத்து நின்றது. நீதிமன்றம் உடலை மீட்டுத் தரலாமேயன்றி உறவை மீட்டுத்தர வல்லதன்று என்பது இவ்வழக்காற் புலனாயிற்று.

1850-ஆம் ஆண்டுச் சட்டம்

பழைய தரும சாத்திர வழக்கின்படி, சாதியினின்று விலக்கப்பட்டவன் தாயவுரிமையை இழப்பான். முன்னோர்க்குரிய பிதிர்க்கடன் செய்யும் தகுதியும் அவர் சொத்தைப் பெறும் தகுதியும் ஒன்றோடொன்று பிணைந்தன என்பது அதன் அடிப்படை. இவ்விழப்பை நீக்குதற்கு வங்காளத்தில் 1832-ஆம் ஆண்டிலேயே ஒரு விதி எழுந்தது. டல்ஹௌசி பிரபு கவர்னர் ஜெனரலாயிருந்த 1850-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட 21-ஆவது சட்டம் அதனைக் கம்பெனியாரின் ஆட்சிப்பரப்பு முழுமைக்கும் விரித்தது. சமயம் துறந்தமையாலோ, சாதியினின்று நீக்கப்பட்டமையாலோ ஒருவர் உரிமையும் சொத்தும் இழத்தல் இல்லை என்பதே அச்சிறிய சட்டத்தின் சாரம்.

இதனை எதிர்த்து இந்துக்கள் விண்ணப்பங்கள் விடுத்தனர். அவர்கள் அச்சம் முற்றும் பொருளற்றதன்று. மதமாற்றத்தை விழைந்த பாதிரிமார் இச்சட்டத்தை வரவேற்றனராகலின், அரசாங்கம் ஒரு சமயத்தின் பக்கல் சாய்கின்றதென்று ஐயுறுதற்கு இடமிருந்தது. எனினும், அவர் வாதத்துள் அமைந்து கிடந்த ஒரு குறை நோக்கற்பாலது. சொத்து இழப்பான் என்னும் அச்சமொன்றினாலே சமயத்துள் நிற்பவன் உண்மையில் அச்சமயத்தவனாவனோ? அவன் நிற்பது சொத்தின்கண், சமயத்தின்கண்ணன்று. இந்நோக்கத்தாற் காணின், அச்சட்டம் சமயத்திற்கு இழைத்த தீங்கைவிட நீக்கிய பொய்ம்மை பெரிது.

அச்சட்டத்திற்கும் எல்லையுண்டு. மதம் மாறினவரின் உரிமையையே அது காக்குமன்றி, அவர் புதிய சமயத்துப் பெற்ற வழித்தோன்றல்களுக்கு இந்து தாயவுரிமையை அளியாது என 1930-ஆம் ஆண்டிற் பிரீவி கவுன்சிலார் தெளிவித்தனர்.

பெல்லாரி வழக்கும் 1866-ஆம் ஆண்டுச் சட்டமும்

அந்நாளிற் சென்னை மாகாணத்தைச் சார்ந்திருந்த பெல்லாரியில், கிறிஸ்தவக் குடும்பத்தார் ஒருவர் இறக்க, அவர்தம் மனைவியார்க்கும் உடன்பிறந்தார்க்கும் சொத்துப்பற்றி வழக்கு நிகழ்ந்தது. முன்னோர் இந்துக்களாயிருந்து மதம் மாறினமையின், இந்துக்களின் கூட்டுக் குடும்ப முறை அவரைப் பற்றுமோ என்பது வினா. 1863-ஆம் ஆண்டிற் பிரீவி கவுன்சிலார் உரைத்த தீர்ப்பின் கருத்து வருமாறு: மதம் மாறியவரை இந்து சட்டம் கட்டாயமாகப் பற்றுவதில்லை, அவர் பழைய முறையைத் துறத்தலும் கூடும், தழுவி நிற்றலும் கூடும், யாதனைத் தழுவினார் என்பது அவர் பின்னர் வாழ்ந்த வாழ்க்கையின் ஒழுகலாற்றால் அறியப்படும். உள்ளத்தை நேரே காணமாட்டாத நீதிமன்றம் ஒழுகலாற்றை உரைகல்லாகக் கைக்கொண்டது இங்ஙனமாம். இவ்வுரைகல் பின்வந்த வழக்குகளிலும் பயன்பட்டது.

மணமானபின் ஒருவர் கிறிஸ்தவராயின் அம்மணம் யாதாம்? இதற்கு விடையாக 1866-ஆம் ஆண்டில் ஒரு சட்டம் எழுந்தது. மதம் மாறியவரை அவர்தம் துணைவர் அது காரணமாக ஆறு மாதம் விலக்கி வைப்பின், மாறியவர் நீதிமன்றத்தை அடையலாம். நீதிபதி அத்துணைவரை அழைத்து வினவுதல் வேண்டும். உடன்வாழ மறுப்பின் வழக்கை ஓராண்டு தள்ளிவைத்தல் வேண்டும். அதன் பின்னரும் மறுப்பின் மணமுறிவு அளித்தல் வேண்டும். ஓராண்டு என்னும் அவகாசத்தில் அமைந்த மனிதத்தன்மை பாராட்டற்பாலதே. ஆயினும், கிறிஸ்து மதம் புக்கார்க்கு மாத்திரம் அவ்வழி திறக்கப்பட்டமையின், அது நடுவுநிலைமை வழுவியதென்னும் குறையும் உடைத்து.

சமயத்தை மறுத்தாலன்றி மணமில்லை

மணச்சட்டத்தின் வரலாறு இன்னும் வியப்புடைத்து. வங்காளத்துக் கேசவசந்திர சேனரைத் தலைவராகக் கொண்ட பிரம சமாஜத்தார், தாம் சாதிவேறுபாடின்றியும் விக்கிரக வழிபாடின்றியும் செய்துகொண்ட மணங்கள் சட்டத்திற்கு ஏற்புடையனவோ என ஐயுற்று அரசாங்கத்தை வேண்டினர். அதன் பயனாக 1872-ஆம் ஆண்டின் 3-ஆவது சட்டம் பிறந்தது. அதன்படி பதிவு மணம் செய்ய விரும்புவோர், தாம் கிறிஸ்து, யூத, இந்து, இஸ்லாம், பார்சி, பௌத்த, சீக்கிய, சமண சமயங்களுள் எதனையும் கைக்கொள்ளாதவர் என உறுதிமொழி கூறுதல் வேண்டும்.

இதன் கொடுமையை உய்த்துணர்க. சைவன் ஒருவன் வேறு சாதியிற் பிறந்த பெண்ணை அச்சட்டத்தின்படி மணக்க விழைவானாயின், திருநீறணிந்த நெற்றியோடு அதிகாரியின் முன்னின்று, தான் இந்துவல்லன் எனக் கூறுதல் வேண்டும். கூறின் பொய், கூறாவிடின் அச்சட்டத்தின்படி மணமில்லை. முற்காலத்துச் சட்டம் சமயம் மாறினவன் சொத்தைப் பறித்தது. இச்சட்டம் சமயம் மாறாதவனையும் மாறினதாகச் சொல்லுவித்தது. இரண்டும் உள்ளத்தின்மேற் செய்த வன்மையே.

இக்குறையை நீக்கும் முயற்சி பன்முறை நிகழ்ந்தது. 1911-ஆம் ஆண்டிற் பூபேந்திரநாத பாசு கொணர்ந்த மசோதா நிறைவேறவில்லை. ஹரிசிங் கௌர் முயற்சியால் 1923-ஆம் ஆண்டில் நிறைவேறிய திருத்தம், இந்துக்கள், பௌத்தர், சீக்கியர், சமணர் என்பார் தமக்குள் மணக்குமிடத்துத் தம் சமயத்தை மறுக்க வேண்டாவென விலக்களித்தது. நாடு விடுதலை பெற்றபின் 1954-ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட தனித் திருமணச் சட்டமே, எச்சமயத்தார் எச்சமயத்தாரை மணப்பினும் எவரும் தம் சமயத்தைத் துறக்க வேண்டாவென வகுத்தது. 1872-இல் எழுந்த தடை முற்றும் நீங்குதற்கு 82 ஆண்டுகள் கழிந்தன.

எனினும், 1954-ஆம் ஆண்டுச் சட்டத்திலும் இரண்டு தடைகள் எஞ்சின. மண அறிவிப்பு அலுவலகத்தில் யாவரும் காண ஒட்டப்பட்டு 30 நாள் கழிதல் வேண்டும் என்பது ஒன்று. கூட்டுக் குடும்பத்து இந்து ஒருவர் அச்சட்டப்படி மணப்பின் குடும்பத்தினின்று பிரிந்தவராகக் கருதப்படுவர் என்பது மற்றொன்று. பின்னதன் கடுமை, மணப்போர் இருவரும் இந்துக்களாயின் 1976-ஆம் ஆண்டுத் திருத்தத்தால் நீங்கியது. முன்னது, மணத்தை விரும்பாத சுற்றத்தார்க்கு முன்னறிவிப்பாகி, மணமக்களுக்கு இடையூறாதலும் உண்டு.

சடங்கோ, ஒழுகலாறோ?

வேறு சமயத்திற் பிறந்தார் இந்து சமயம் புகுதல் எவ்வாறு மெய்ப்பிக்கப்படும் என்னும் வினாவிற்குச் சென்னை மாகாணத்து வழக்குகளே தெளிவான விடை தந்தன. 1909-ஆம் ஆண்டில், கிறிஸ்தவராயிருந்து இந்து சமயம் புக்க பெண்ணொருத்திக்கும் இந்து ஆடவனுக்கும் நிகழ்ந்த மணம் செல்லுமோ என்னும் வழக்குச் சென்னை உயர்நீதிமன்றத்தில் ஆராயப்பட்டது. நீதிபதி சி. சங்கரன் நாயர், அச்சாதியார் அம்மணத்தை ஏற்றுக்கொண்டு அவர்களோடு கலந்து வாழ்ந்தமையின் அது செல்லும் எனக் கண்டார்.

பிறிதொரு வழக்கு 1970-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றத்தில் முடிவுற்றது. 1950-ஆம் ஆண்டில் இந்து ஒருவர் இந்தியக் கிறிஸ்தவரது மகளை இந்து சமய முறைப்படி மணந்து வாழ்ந்து மக்களும் பெற்றார். பின்னர் மனவேறுபாடு உண்டாக, இளமகன் தாயாரைக் காப்பாளராகக் கொண்டு குடும்பச் சொத்திற் பங்கு கேட்டான். தந்தையோ, மகனுடைய தாய் கிறிஸ்தவர் என்றும், அவரை இந்து சமயத்திற் சேர்த்தற்குரிய சுத்திச் சடங்கு நிகழ்ந்ததில்லை என்றும், ஆகலின் அம்மணம் செல்லாதென்றும் வாதித்தார். தாம் விரும்பி மணந்தவரை வேற்றுச் சமயத்தவரென்றும், தம் மகனை உரிமையற்றவனென்றும் கூறுதற்குச் சமயமே கருவியாயிற்று. சமயத்தின் பெயராற் செய்யப்படும் வாதங்கள் அனைத்தும் சமயப்பற்றிற் பிறந்தன அல்ல என்பதற்கு இதனின் மிக்க சான்று வேண்டா.

உச்சநீதிமன்றம் அவ்வாதத்தை ஏற்றிலது. இந்து என்று வாய்ச்சொல் மாத்திரையாற் கூறுதல் போதாது. மெய்யான விருப்பமும், அவ்விருப்பத்தை ஐயமறக் காட்டும் ஒழுகலாறும் உளவாயின் அதுவே சமயம் புகுந்தமைக்குச் சான்று. சுத்திச் சடங்கு இன்றியமையாததன்று என்பது அதன் முடிபு. பெண்ணின் பெற்றோரே அம்மணத்தை முடித்து வைத்தமையும், சுற்றத்தார் முன்னிலையில் மணச்சடங்குகள் நிகழ்ந்தமையும், அவ்வூர் இந்துக்கள் அவரைத் தம்முள் ஒருவராகக் கொண்டமையும் எடுத்துக்காட்டப்பட்டன. திலகவதியார் தம்பியாரை ஏற்றுக்கொண்ட முறையை இத்தீர்ப்போடு ஒப்புநோக்குக. சைவத்திற்குத் தீக்கை முறை உண்டன்றோ எனின், உண்டு. சமயம், விசேடம், நிருவாணம் எனப்படும் அத்தீக்கைகள் பக்குவமுற்ற ஆன்மாவைக் குருவானவர் ஈடேற்றும் அருட்செயல். ஒருவரது மனைவாழ்வையும் மக்களுரிமையையும் அளக்கும் கருவியல்ல. இவ்விரண்டனையும் ஒன்றெனக் கொள்ளுதல் தீக்கையின் மேன்மைக்கே இழுக்காம்.

வஞ்சனையும் வன்மையும்

இங்ஙனமாயின், சமயத்தின் பெயரால் யாது செய்யினும் சட்டம் வாளாவிருக்குமோ எனின், இராது. முதல் மனைவியிருக்க இரண்டாம் மணம் செய்தற்பொருட்டே ஓர் இந்து இஸ்லாத்தைத் தழுவினால், அவ்விரண்டாம் மணம் செல்லாதெனவும், அவன் குற்றவாளியாவான் எனவும் 1995-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் கூறிற்று. அங்கே மாறியது சமயமன்று. ஒரு பெண்ணுக்குரிய கடமையினின்று தப்புதற்கு அணிந்த வேடமேயாம்.

ஒரிசாவில் 1967-ஆம் ஆண்டிலும், மத்தியப் பிரதேசத்தில் 1968-ஆம் ஆண்டிலும் வன்மை, வஞ்சனை, ஆசைகாட்டல் என்பவற்றால் மதம் மாற்றுதலைத் தடுக்கும் சட்டங்கள் எழுந்தன. அவை செல்லும் என்று 1977-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றத்து ஐவர் அமர்வு தீர்ப்பளித்தது. தன் சமயக் கொள்கையைப் பரப்பும் உரிமை, பிறர் ஒருவரை மதம் மாற்றும் உரிமையாகாது என்பது அத்தீர்ப்பின் கருத்து. தமிழ்நாட்டிலும் 2002-ஆம் ஆண்டில் அத்தகைய சட்டம் பிறந்து, சில ஆண்டுகளுக்குள்ளேயே நீக்கப்பட்டது. வன்மையால் மாற்றுதல் தீதென்பதில் எவர்க்கும் ஐயமில்லை. ஆயின், தானே விரும்பி மாறுபவனும் அதிகாரிக்கு முன்னறிவித்து, அவர் விசாரணைக்கு உட்படுதல் வேண்டுமெனின், உள்ளத்தின் வாயிலிற் காவலன் ஒருவனை நிறுத்தியதாகும். இவ்வெல்லையை எங்கே வகுப்பது என்பதே பல மாநிலங்களில் இன்றும் வழக்காடப்படும் பொருள்.

2018-ஆம் ஆண்டுத் தீர்ப்பு

அண்மைக்காலத்தே நாடு முழுதும் பேசப்பட்ட வழக்கொன்று தமிழ்நாட்டுச் சேலத்தோடு தொடர்புடையது. கேரளத்து இந்துக் குடும்பத்திற் பிறந்து, சேலத்தில் ஹோமியோபதி மருத்துவம் பயின்ற இளம்பெண் ஒருவர், பயிலுங் காலத்தே இஸ்லாத்தைத் தழுவி, 2016-ஆம் ஆண்டிறுதியில் அச்சமயத்தவர் ஒருவரை மணந்தார். தந்தையார் விடுத்த ஆட்கொணர்வு மனுவின்மேற் கேரள உயர்நீதிமன்றம் 2017-ஆம் ஆண்டு மே மாதத்தில் அம்மணம் செல்லாதெனக் கூறி, வயது நிரம்பிய அப்பெண்ணைப் பெற்றோர் காவலில் வைத்தது. சற்றேறக்குறைய ஆறு திங்கள் அக்காவலில் இருந்தபின், அவர் நவம்பர் மாதத்தில் உச்சநீதிமன்றத்தின் முன் வந்து தாம் வேண்டுவது விடுதலையே எனக் கூற, கல்வியைத் தொடர்தற்குச் சேலத்திற்கு அனுப்பப்பட்டார். 2018-ஆம் ஆண்டு மார்ச்சு 8-ஆம் நாள் உச்சநீதிமன்றம் உயர்நீதிமன்றத்தின் முடிபை நீக்கி, அம்மணம் செல்லும் என்றது. சமயத்தையும் வாழ்க்கைத் துணையையும் தேர்ந்துகொள்ளுதல் வயது நிரம்பியவரது தனியுரிமை. அதனுட் பெற்றோரும் அரசும் நீதிமன்றமும் புகுதல் ஆகாது என்பது அதன் சாரம்.

1843-ஆம் ஆண்டுச் சிறுவனையும் 2017-ஆம் ஆண்டுப் பெண்ணையும் ஒருங்கு வைத்து எண்ணுக. இருவர் பொருட்டும் ஆட்கொணர்வு மனுவே விடுக்கப்பட்டது. முன்னவன் பன்னிரண்டு வயதளவினன். அவனைத் தந்தையார்பால் ஒப்புவித்தல் முறையே. பின்னவரோ கல்வியும் வயதும் நிரம்பியவர். இவ்வேறுபாட்டை நோக்காது இருவரையும் ஒப்பக் கருதியதே உயர்நீதிமன்றம் நெறி வழுவியதற்குக் காரணம். அத்தந்தையாரது துயரம் பொய்யன்று. மகளைப் பிரிந்த பெற்றோர் கண்ணீரை எத்தீர்ப்பும் துடைக்கமாட்டாது. ஆயினும், அத்துயரத்திற்கு மருந்து காவலன்று என்பது தெளிவு.

சைவர் கடன்

சித்தாந்த சாத்திரம் ஆன்மாவை இச்சை, ஞானம், கிரியை என்னும் ஆற்றல்களையுடைய அறிவுப்பொருள் என்கின்றது. ஆணவ இருளில் அழுந்திய அவ்வாற்றல்களை விளக்குவது திருவருளேயன்றி அரசாணையன்று. புறப்புறம், புறம், அகப்புறம், அகம் எனச் சமயங்களை வகுத்து, ஒவ்வொன்றையும் பக்குவத்திற்கேற்ற படியாகக் கண்ட சாத்திரம், எப்படியில் நிற்பவரையும் கயிற்றாற் கட்டியிழுத்தல் வேண்டுமென்று கூறிற்றிலது. சிவஞானசித்தியார் பரபக்கத்தில் மாற்றார் மதங்களை அவரவர் கூற்றாகவே எடுத்துரைத்துப் பின்னர் மறுத்தமை, வாதத்தை வாதத்தால் வெல்லுதலே நெறியென்பதைக் காட்டும்.

யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் இந்நெறிக்கு இலக்கியமாயினார். வெஸ்லியன் மிஷன் பாடசாலையிற் பயின்று, அதன்கண் ஆசிரியராயமர்ந்து, பேர்சிவல் பாதிரியார் விவிலியத்தைத் தமிழ்ப்படுத்திய பணிக்குத் துணை நின்றும், தம் சமயத்தினின்று வழுவிலர். மதமாற்றம் பெருகக் கண்டபொழுது 1848-ஆம் ஆண்டில் வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கினார், அச்சுக்கூடம் நிறுவினார், பிரசங்கம் செய்தார், பாலபாடமும் சைவவினாவிடையும் எழுதினார். சமயத்தைக் காத்தது கல்வியே.

ஆகலின், தம் மக்களுள் ஒருவர் வேற்றுச் சமயத்தாரை மணந்தாலும், வேற்றுச் சமயம் புக்காலும் சைவர் செய்யத்தக்கன யாவை என்பது வெளிப்படை. இளமையிலேயே சமயக் கல்வி ஊட்டுக. வஞ்சனையும் வன்மையும் நிகழுமிடத்து மாத்திரம் சட்டத்தின் துணையை நாடுக. தெளிந்து சென்றாரைப் பகையாது உறவு பேணுக. வந்தாரைப் பிறப்பும் பழைய சமயமும் வினவாது வரவேற்க. பம்பாய்ச் சிறுவனுக்கு அடைக்கப்பட்ட வாயில் இனி எவர்க்கும் அடைபடாதிருத்தல் வேண்டும். தம்பியார் சமணம் புக்கபின்னும் திருவதிகைத் திருக்கோயிலில் அலகிட்டு மெழுகித் தொண்டு செய்து, அவர் பொருட்டு இறைவனை வேண்டிக் காத்திருந்தவர் திலகவதியார். அவர் வழக்குத் தொடுத்திலர், வாயிலை அடைத்ததுமில்லை. அக்காத்திருத்தலாலேயே சைவவுலகம் நாவுக்கரசரைப் பெற்றது.

திருச்சிற்றம்பலம்